விரிசல் கப்பும் போலந்து சப்ளையரும்

ஸ்ரீமுஷ்ணத்தில் ஒரு வீட்டுக் கூடம். எதிரே முக்காலியில் ஒரு தட்டு, தட்டில் நாலு காப்பிக் கப்பு. வெள்ளை வெளேரென்று இருக்கின்றன. விளிம்பில் தங்கக் கோடு, வயிற்றில் ஊதாப் பூ. ஆவி பறக்கிறது. என் வலது கை நடுவிரல் தானாக மடங்கிக்கொண்டு முன்னால் போகிறது. அதை இடது கையால் பிடித்து இழுத்து மடியில் வைத்து அமுக்கிக்கொள்கிறேன்.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் வீட்டுக்காரர் அதைப் பார்த்துவிட்டார். வாயைத் துடைப்பதுபோலத் துண்டை முகத்துக்குக் கொண்டுபோய், அதற்குள்ளிருந்து பேசினார்.

"தட்டுன, அவ்ளோதான். நான் பஸ்ஸு ஏறிடுவேன்."

"தட்டலங்க. சும்மா இருங்க."

போன வாரம் இந்தப் பத்தியில் இந்த மனிதரின் பஸ் கண்டக்டர் வாழ்க்கையைப் பற்றி நான் எழுதியதைப் படித்துவிட்டு மூன்று நாள் என்னோடு பேசவில்லை. இந்த வாரம் என் மானத்தை நானே வாங்கிக்கொள்ளப் போகிறேன் என்று சொன்ன பிறகுதான் வாயைத் திறந்து சோறு கேட்டார்.

நாங்கள் அங்கே போயிருந்தது மாப்பிள்ளை வீடு பார்க்க. என் மகள் நித்யாவும் அந்த வீட்டுப் பையன் பூவராகனும் சென்னையில் ஒரே கம்பெனியில் வேலை செய்கிறவர்கள். ஒருவருக்கொருவர் பிடித்துப்போய் இரண்டு வீட்டிலும் சொல்லிவிட்டார்கள். எங்களுக்குச் சம்மதம். பையனின் அப்பாவுக்கும் சம்மதம். அவன் அம்மா அலமேலு அம்மாளுக்கு மட்டும் பாதி மனசுதான். "ஆபீஸ்ல பாத்துக்கிட்டதெல்லாம் நெலைக்குமா? வூட்டைப் பாக்க வரட்டும். நானும் அவங்களைப் பாத்துக்கறேன். அப்பறம் சொல்றேன்" என்றிருந்தார். ஆக, பார்க்கப் போனது நாங்கள் என்றாலும் பரீட்சை எங்களுக்குத்தான்.

அதிலும் அந்தக் காப்பி இருக்கிறதே! சம்பந்தம் முடிவாகாத வீட்டில் கை நனைப்பதில்லை என்பது எங்கள் வழக்கம். சாப்பாடு கிடையாது, பலகாரம் கிடையாது. காப்பிக்கு மட்டும் விலக்கு உண்டு. குடித்தால் 'மேலே பேசலாம்' என்று அர்த்தம். குடிக்காமல் வைத்தால் 'எங்களுக்கு வேண்டாம்' என்று அர்த்தம். வாய் திறந்து சொல்ல வேண்டியதையெல்லாம் காப்பியை வைத்தே முடித்துக்கொள்ளும் ஜனங்கள் நாங்கள்.

பெண்ணை அழைத்துப் போகிற வழக்கமில்லை என்பதால் நித்யா வீட்டிலேயே இருந்தாள். நாங்கள் கிளம்பும்போது வாசல்வரை வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். "அம்மா, உன் கால்ல வேணா விழறேன். அங்க போயி எதையும் தட்டிப் பாக்காத."

தட்டுகிற கை

அவள் பயந்ததில் நியாயம் இருக்கிறது. விருத்தாசலம் பீங்கான் தொழிற்பேட்டையில் ஒரு சின்னக் கம்பெனியில் இருபத்திரண்டு வருஷமாக எனக்கு ஒரே வேலை. தட்டுவது.

பியூஸ் கட்டைகளும் மின்கம்பத்தில் மாட்டுகிற பீங்கான்களும் சூளையிலிருந்து கூடை கூடையாக வரும். ஒவ்வொன்றாக எடுத்து விரல் முட்டியால் ஒரு தட்டு. 'ணங்' என்றால் நல்ல சரக்கு. 'டொக்' என்றால் உள்ளே விரிசல். கண்ணுக்குத் தெரியாத விரிசல் காதுக்குத் தெரிந்துவிடும். ஒரு நாளைக்கு எத்தனை தட்டுவேன் என்று எண்ணிப் பார்த்ததில்லை. எண்ணினால் பைத்தியம் பிடிக்கும்.

தொல்லை என்னவென்றால், ஐந்து மணிக்குக் கம்பெனி விட்டுவிடும், கை விடாது. கடைக்குப் போனால் ஊறுகாய் ஜாடியைத் தட்டுவேன். சொந்தக்காரர் புதுமனை புகுவிழாவுக்குப் போனால் தரை டைல்ஸைக் குதிகாலால் தட்டுவேன். மங்கலம்பேட்டையில் ஒரு நிக்காஹ்வுக்குப் போயிருந்தோம். துபாயிலிருந்து வந்த டின்னர் செட்டை ஊரே சுற்றி நின்று ஆசையாகப் பார்த்துக்கொண்டிருந்தது. நான் ஒவ்வொன்றாகத் தட்டி ஏழு உருப்படியைத் தனியாக எடுத்து வைத்துவிட்டேன். பெண்ணின் அப்பா பெரிய மனசுக்காரர். "யக்கா, நீங்க இப்படி வந்து ஒக்காருங்க, பிரியாணி வந்துட்டே இருக்குது" என்று என்னைப் பந்தலின் மறுகோடிக்கு அழைத்துப்போய் உட்காரவைத்தார்.

பல் டாக்டரிடம் போனபோதும் இதே கதை. அவர் ஒரு பல்லைத் தட்டி "வலிக்குதாம்மா?" என்றார். "அது இல்லீங்க டாக்டர், அதுக்கு அடுத்தது" என்றேன். அடுத்ததுதான்.

தூங்கும்போது தன் அப்பாவின் தலையைக்கூட நான் தட்டிப் பார்த்ததாக நித்யா ஊரெல்லாம் சொல்லி வைத்திருக்கிறாள். சுத்தப் பொய். அவர் முழித்துக்கொண்டுதான் இருந்தார்.

பேசும் படத்தில் பேசாத மனிதர்

ஸ்ரீமுஷ்ணத்துக் காப்பி ஆறிவிடும் என்று கவலைப்படாதீர்கள். அதற்கு முன்னால் ஒருவரை உங்களுக்கு அறிமுகம் செய்துவைக்க வேண்டும்.

நித்யா வேலை பார்ப்பது பழைய படங்களைத் துடைத்துப் புதுசாக்குகிற கம்பெனி. வெளிநாட்டிலிருந்தெல்லாம் படங்கள் வரும். படத்திலுள்ள கீறலை எடுப்பவர்கள் ஒரு பக்கம், சத்தத்திலுள்ள கரகரப்பை எடுப்பவர்கள் ஒரு பக்கம். நித்யா சத்தப் பக்கம். அந்தப் பக்கத்துக்குப் பூவராகன்தான் பெரியவன்.

ஒரு சமயம் போலந்து நாட்டிலிருந்து ஒரு படம் வந்தது. அந்த ஊர்ப் படங்கள் வாய் திறந்து பேச ஆரம்பித்த புதிதில் எடுத்தது. கறுப்பு வெள்ளை. கதாநாயகன் நின்றால் ஒரு பாட்டு, உட்கார்ந்தால் ஒரு பாட்டு. அதில் நமக்குப் புதுசாக ஒன்றுமில்லை.

நித்யா அப்போது விருத்தாசலத்தில் வீட்டிலிருந்தபடியே வேலை செய்துகொண்டிருந்தாள். ஹெட்போன் ஒரு பக்கம் செத்துப்போனதால் ஸ்பீக்கரில் போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தாள். நான் அடுப்படியில் அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தேன். அவள் ஒரே இடத்தைத் திருப்பித் திருப்பி ஓட்டியதில் உள்ளேயிருந்து ஒரே சத்தம் வந்துகொண்டே இருந்தது. டொக். டொக். டொக். எவ்வளவு நேரம்தான் பொறுப்பது?

"யாருடி அது? விரிசல் வுட்ட கப்பைப் புடிச்சிக்கினு இந்தத் தட்டு தட்டறது? தூக்கிக் குப்பையில போடச் சொல்லு!"

நித்யா எழுந்து ஓடி வந்தாள். "என்னாம்மா சொன்ன? கப்பா?"

"பின்ன? பீங்கான் கப்பு. பிடி ஒட்டுன எடத்துல விரிசல். உனக்குக் காது கேக்கலையா?"

"அது பிலிம்ல இருக்கற இரைச்சலும்மா. அதைத்தான் காலையிலேர்ந்து எடுக்கறேன், போவ மாட்டேங்குது."

"எப்படிப் போவும்? அது கப்புல இருக்குது."

கையைத் துடைத்துக்கொண்டு போய்ப் பார்த்தேன். அப்போதுதான் அந்த மனிதரை முதல் முதலாகப் பார்த்தேன்.

ஒரு பெரிய காப்பிக் கடை. கதாநாயகன் கதாநாயகியிடம் உருகிக்கொண்டிருக்கிறான். சப்ளையர் தட்டில் இரண்டு கப்போடு வருகிறார். ஒல்லி உடம்பு, எண்ணெய் வைத்து அழுந்த வாரிய தலை, இரண்டு பக்கமும் விரிந்த காது. ஒரு கப்பை அந்தப் பெண்ணின் முன்னால் வைக்கிறார். அடுத்ததை எடுக்கும்போது நடுவிரலை மடக்கி அதன்மேல் லேசாக ஒரு தட்டு. டொக். தலை கொஞ்சம் சாய்கிறது. அவ்வளவுதான். முதுகைத் திருப்பிக்கொண்டு அந்தக் காப்பியை ஒரே மடக்கில் தானே குடித்துவிட்டு, உள்ளே போய் வேறு கப்பில் வேறு காப்பி கொண்டுவந்து வைத்துவிட்டுப் போய்விடுகிறார். கதாநாயகன் உருகி முடிக்கவில்லை. அவனுக்கு ஒன்றும் தெரியாது.

எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. அது தொழில் தெரிந்தவன் தட்டுகிற தட்டு. சும்மா போகிறவன் நகத்தால் தட்டுவான். அவர் முட்டியால், பிடிக்கு எதிர்ப்பக்கமாகத் தட்டினார். எங்கள் கம்பெனியில் புதிதாக வருகிறவர்களுக்கு அதைப் பழக்கிக் கொடுக்கவே ஒரு மாதம் ஆகும்.

"இவரு பேரு என்னாடி?"

"பேரெல்லாம் இல்லம்மா. டைட்டில்ல இவரைப் போடல. அவங்க அனுப்புன குறிப்புல, 'வாடிக்கையாளரின் காப்பியைத் திருடிக் குடிக்கும் சப்ளையர், நகைச்சுவை'ன்னு இருக்குது."

"திருடியா? அடப் பாவிங்களா!"

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. பிடி கழன்றால் கொதிக்கிற காப்பி அந்தப் பையன் மடியில் கொட்டும். கப்பு சரியில்லை என்று அந்தப் பெண் முன்னால் சொன்னால் முதலாளிக்குக் கெட்ட பெயர். நல்ல காப்பியைக் கீழே கொட்டவும் மனசு வராது. அதனால் மனிதர் நாக்கு வெந்தாலும் பரவாயில்லை என்று தானே குடித்துவிட்டுப் போகிறார். அதற்குப் பெயர் திருட்டாம். சத்தம் கரகரப்பில் அமுங்கிப்போனதால், இத்தனை காலமாக அந்த நாட்டு ஜனம் அவரைப் பார்த்து 'காப்பித் திருடன்' என்று சிரித்துக்கொண்டிருந்திருக்கிறது. மிச்சமிருந்த அந்த ஒரு டொக்கையும் எடுத்துவிட என் மகள் காலையிலிருந்து பாடுபட்டுக்கொண்டிருக்கிறாள்.

"இதை எடுக்கச் சொன்னது யாரு?"

"எங்க சாரு."

"போனைப் போடு அந்த ஆளுக்கு."

"தம்பி, காதுல என்னா பஞ்சு வெச்சிருக்கீங்களா?" என்றுதான் ஆரம்பித்தேன். கால்மணி நேரம் விடாமல் பேசினேன். மறுமுனையில் இருந்த பையன் ஒரு தடவைகூடக் குறுக்கே பேசவில்லை. நித்யா தலையில் கைவைத்துக்கொண்டு சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்துவிட்டாள். பிற்பாடுதான் தெரிந்தது, அது வெறும் சார் இல்லை, பூவராகன் என்று.

ஆனால் பையன் தங்கம். மறுநாளே தன் அறையிலிருந்த கப்புகளைத் தட்டி, ஐந்து சத்தத்தைப் பதிவு செய்து அனுப்பினான். எது விரிசல் என்று சொல்லவேண்டுமாம். "மூணாவது விரிசல். அஞ்சாவது கப்பே இல்ல, கண்ணாடி டம்ளரு" என்றேன். அன்று முதல் என்னிடம் பேசும்போது எழுந்து நின்றுகொண்டு பேசுகிறான் என்று நித்யா சொன்னாள்.

அவர் எந்த இலாகா?

போலந்துக்காரர்களுக்கு எழுதினார்கள். பதில் வர ரொம்ப நாளானது. வந்ததை நித்யா தமிழில் படித்துச் சொன்னாள். அந்தக் காலத்தில் மைக்கை மேஜைமேல் இருக்கும் பூ ஜாடிக்குள் ஒளித்து வைப்பார்களாம். அதனால் மெதுவாகத் தட்டியதுகூட விழுந்திருக்குமாம். நீங்கள் சொன்ன பிறகு கேட்டால் அது கப்புதானாம். அதை எடுக்க வேண்டாம், சத்தத்தை இன்னும் கொஞ்சம் தூக்கியே வையுங்கள் என்று எழுதியிருந்தார்கள்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. இருபத்திரண்டு வருஷம் தட்டியிருக்கிறேன். என் காதைப் பெரிதாக மதித்து ஒரு கடிதம் வந்தது அதுதான் முதல் தடவை.

அவர் பெயரையும் கண்டுபிடித்திருந்தார்கள். படப்பிடிப்பில் எடுத்த ஒரு குரூப் போட்டோவின் பின்பக்கம் யாரோ எழுதி வைத்திருந்தார்களாம். ஃபெலிக்ஸ் ட்ரெம்பாவ்ஸ்கி. ஏழெட்டுப் படங்களில் வருகிறாராம். ஒன்றில் கதவைத் திறந்துவிடுவார், ஒன்றில் குடை பிடிப்பார், மற்றதில் எல்லாம் தட்டு ஏந்துவார். எந்தப் படத்திலும் ஒரு வார்த்தை பேசியதில்லை. பேசும் படம் வந்த பிறகு நடிக்க வந்து, பேசாமலேயே போய்ச் சேர்ந்த மனிதர். அவர் பேசிய ஒரே வசனம் அந்த டொக்.

கடிதத்தின் கடைசி வரியில்தான் எங்கள் வீட்டில் தீ வைத்தார்கள். சினிமாவுக்கு வருமுன் அவர் டிராம் வண்டியில் கண்டக்டராக இருந்ததாகக் கேள்வியாம்.

என் வீட்டுக்காரர் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டார். "பாத்தியா! நம்ம டிபார்ட்மெண்ட்டு!"

"சும்மா இருங்க. அந்தத் தட்டைப் பாத்தீங்களா? அவரு பீங்கான் கம்பெனியில இருந்திருக்காரு."

"ஓடற வண்டியில தட்டு சாயாம நடக்கறது கண்டக்டருக்குத்தான் வரும். அந்த ஆளு நடையைப் பாரு, கால அகட்டி வெச்சி நடக்கறாரு. அது பஸ்ஸு நடை."

ஒரு வாரம் சண்டை. சோறு போடும்போது சண்டை, துணி மடிக்கும்போது சண்டை. பக்கத்து வீட்டுப் பெண் மதில்மேல் எட்டிப் பார்த்து, "பெலிக்ஸு பெலிக்ஸுன்னு பேசிக்கிறீங்களே, யாருக்கா அது, ஒங்க நாத்தனாரு புருசனா?" என்று கேட்டாள். "எங்க டிப்போ" என்றார் இவர். "எங்க கம்பெனி" என்றேன் நான்.

மறுபடியும் அந்தக் கூடம்

இப்போது கூடத்துக்குப் போவோம். காப்பி இன்னும் சூடாகத்தான் இருக்கிறது.

அலமேலு அம்மாள் தட்டை எடுத்து ஒவ்வொருவரிடமும் நீட்டினார். முதலில் என் வீட்டுக்காரர், பிறகு நான், பிறகு பூவராகன். கடைசியாக அவர் கணவர் கோவிந்தராஜன். அந்த அம்மாள் குடிக்கவில்லை. தூணோரமாக நின்று எங்களை அளந்துகொண்டிருந்தார்.

என் கப்பை நான் தட்டவில்லை. சத்தியமாகத் தட்டவில்லை. பிடியைப் பிடித்து எடுத்து ஒரு வாய் குடித்தேன். நல்ல காப்பி. என் வீட்டுக்காரர் மூச்சு விட்டார். நானும் விட்டேன்.

கோவிந்தராஜன் பெண்ணாடம் மில்லுக்குக் கரும்பு போடுகிறவர். ஒரு வாய் குடித்துவிட்டு, "நாமளே சக்கரையைக் கொறைச்சா மில்லு எப்படி ஓடும்?" என்று சிரித்துக்கொண்டே பக்கத்துக் கிண்ணத்திலிருந்து இன்னும் இரண்டு கரண்டி சர்க்கரை அள்ளிப் போட்டார். போட்டுக் கலக்க ஆரம்பித்தார்.

டொக். டொக். டொக்.

என் முதுகுத்தண்டு நிமிர்ந்துவிட்டது. பிடி ஒட்டிய இடம். மேலே ஒன்று, கீழே ஒன்று, இரண்டு விரிசல். மனிதர் வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு, கப்பை மடிக்கு நேராகப் பிடித்துக்கொண்டு, அறுவடைக் கூலி பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார். எந்த நிமிஷமும் கழன்றுவிடும்.

சொல்லலாமா? புதுச் சம்பந்தம் பேசுகிற கூடத்தில் உட்கார்ந்துகொண்டு 'விரிசல்' என்று வாயைத் திறக்க முடியுமா? அதுவும் அந்த அம்மாள் இதற்கென்றே வாங்கிய புதுக் கப்பைப் பார்த்து? நித்யாவின் கல்யாணம் அங்கேயே நின்றுவிடும். சரி, பேசாமல் இருக்கலாமா? மாப்பிள்ளையின் அப்பா மடியில் கொதிக்கக் கொதிக்கக் காப்பி கொட்டினால் அதைவிட அபசகுனம் வேறு உண்டா? என் பெண் அங்கே வீட்டில் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள்.

அப்போது எனக்கு அவர் ஞாபகம் வந்தது. ஒருவருக்கும் தெரியாமல் காரியத்தை முடித்துவிட்டுப் போன ஃபெலிக்ஸ். அவரால் முடிந்தது என்னால் முடியாதா என்று நினைத்தேன். நினைத்திருக்கக் கூடாது.

"அண்ணே, அந்தக் கப்பைக் கொஞ்சம் இப்படிக் குடுங்க."

"எந்தக் கப்பும்மா?"

"உங்க கப்புதாங்க."

அவர் கப்பைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இதுல நான் வாய் வெச்சிட்டேனேம்மா."

"பரவால்லங்க. குடுங்க."

அலமேலு அம்மாள் தூணை விட்டு ஓர் அடி முன்னால் வந்தார். என் வீட்டுக்காரரின் முகத்தை நான் பார்க்கவில்லை. பார்க்காமல் இருந்தது நல்லதுதான். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவர் எச்சில் பட்ட டம்ளரைக் கழுவப் போடக்கூட நான் மூக்கைச் சுளிப்பேன். இங்கே மாப்பிள்ளையின் அப்பா குடித்த காப்பியைக் கேட்டு வாங்குகிறேன்.

அந்த மனிதர் பயந்துபோய் நீட்டிவிட்டார். நான் வாங்கினேன். பிடி ஆடியது. இனி ஒரே வழிதான். ஃபெலிக்ஸைப் போல ஒரே மடக்கு.

அவர் எப்படித்தான் குடித்தாரோ! பாதி மடக்கிலேயே நாக்கு வெந்து கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அதே நேரம் கப்பும் தன் வேலையைக் காட்டியது. கப்பு கீழே போய் மடியில் விழுந்தது. பிடி மட்டும் என் விரலில் மோதிரம்போல நின்றது. பட்டுப்புடவை முழுக்கக் காப்பி. உருண்டு தரையில் விழுந்த கப்பு நாலு துண்டாகப் போனது.

என் வீட்டுக்காரர் எழுந்து நின்று எல்லோரையும் பார்த்துக் கும்பிட்டார். "அப்ப நாங்க போயிட்டு வரோம்ங்க."

அலமேலு அம்மாள் சொன்னது

நான் எழுந்திருக்கவில்லை. எழுந்தால் என் பெண்ணின் வாழ்க்கை முடிந்தது என்று தெரியும். விரலில் மாட்டிய பிடியோடு கையைக் கூப்பிக்கொண்டு உளறினேன். "தப்பா நெனைச்சிக்காதீங்க. கப்புல விரிசல் இருந்துதுங்க. அண்ணன் கலக்கும்போது எனக்குக் கேட்டுது. அவரு மேல கொட்டிடப் போவுதுன்னு பயந்துட்டேன். சொல்லவும் வாய் வரல. அதான் வாங்கிக் குடிச்சிட்டேன்." அழுதேவிட்டேன். வெட்கமாக இருந்தது.

பூவராகன் எழுந்து வந்தான். "அம்மா, நான் சொன்னேன்ல, அந்தப் போலந்து படம், காப்பியைக் குடிச்சிட்டுப் போற சப்ளையரு... கண்டுபுடிச்சது இவங்கதான்மா. அவங்களுக்கு நெஜமாவே கேக்கும்."

அலமேலு அம்மாள் அவனைக் கண்டுகொள்ளவில்லை. என்னையே பார்த்தார்.

"கலக்குற சத்தத்துலயா கேட்டுது?"

"ஆமாங்க. பிடியில. மேல ஒண்ணு, கீழ ஒண்ணு."

அந்த அம்மாள் மெதுவாகத் தரையில் உட்கார்ந்தார். ஒரு துண்டை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு தலையைக் குனிந்தபடியே சொன்னார்.

"விரிசல்னு எனக்குத் தெரியும்ங்க."

எல்லோரும் அவரைப் பார்த்தோம்.

"நேத்து கழுவும்போதே கோடு தெரிஞ்சுது. டப்பாவுல மொத்தமே நாலு கப்பு. ஒண்ணு கொறைஞ்சா நல்லாருக்காதேன்னு நெனைச்சேன். வந்தவங்களுக்குக் குடுக்கவும் கூடாது, புள்ளைக்குக் குடுக்கவும் மனசு வரல. அதான் பாத்து பாத்து இவருக்கு வெச்சேன். இவரு எதையும் கவனிக்க மாட்டாரு."

கோவிந்தராஜன் வாயைப் பிளந்தார். "அடிப்பாவி! என் மடியில கொட்டுனா பரவால்லையா?"

"பொறுமையா குடிப்பீங்கன்னு நெனைச்சேன். யாரு இந்தக் கலக்கு கலக்கச் சொன்னா?"

"கல்யாணம் ஆனதுலேர்ந்தே எனக்கு இதே பொழப்பா?"

"ஒடைஞ்ச தட்டு, கோணின டம்ளரு எல்லாம் வேற யாருக்கு வெக்கறதாம்?"

எனக்கு அடக்க முடியவில்லை. "எங்க வூட்லயும் அதேதாங்க. இவருக்குத்தான் வெப்பேன்" என்று சொல்லிவிட்டேன்.

என் வீட்டுக்காரர் என் பக்கம் திரும்பிய வேகத்தில் கழுத்து சுளுக்கியிருக்கும். "எது? அந்தப் பச்சைக் கப்பா? அது ராசியான கப்புன்னு சொன்னியேடி?"

முதலில் சிரித்தது அலமேலு அம்மாள்தான். பொத்துக்கொண்டு வந்த சிரிப்பு. நானும் சேர்ந்துகொண்டேன். இரண்டு பேரும் தரையில் துண்டுகளைப் பொறுக்கிக்கொண்டே சிரித்தோம். நிறுத்தலாம் என்று நிமிர்ந்தால் எதிரே இரண்டு கணவன்மாரும் ஒரே மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு நின்றார்கள். அதைப் பார்த்து மறுபடியும் சிரித்தோம். விரிசல் கப்பு கையில் கிடைத்தால் தானே குடிப்பதற்கு ஃபெலிக்ஸ் போன்ற பெரிய மனசு வேண்டும். நாங்கள் வெறும் பெண்டாட்டிகள்.

அலமேலு அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து உள்ளே போனார். அடுப்பு பற்றவைக்கிற சத்தம் கேட்டது. நான் ஈரப் புடவையோடு அப்படியே உட்கார்ந்திருந்தேன். இவர் கும்பிட்ட கையை என்ன செய்வதென்று தெரியாமல் நின்றுகொண்டிருந்தார். குடித்த காப்பி கணக்கில் சேருமா, கொட்டியது கணக்கில் சேருமா என்று எனக்குப் புரியவில்லை. பூவராகன் மட்டும் அடுப்படி வாசலையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அலமேலு அம்மாள் திரும்பி வந்தபோது கையில் ஒரே ஒரு டம்ளர் இருந்தது. நேராக என் முன்னால் வந்து உட்கார்ந்து, நீட்டினார்.

"இது எவர்சில்வரு, சம்மந்தி. எவ்ளோ தட்டுனாலும் ஒண்ணும் தெரியாது. குடிங்க."

வெந்துபோன நாக்கோடு, ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தேன்.